மூன்றாம் மாடி ஹெலன் ஆன்ட்டி

சந்தேகம் எனக்குப் பிறவிக் குணம். முட்டை வாங்கினால் காதருகில் வைத்து ஆட்டிப் பார்ப்பேன். ஒரு டாக்டர் மாத்திரை எழுதினால் இன்னொரு டாக்டரிடம் போய், இது எதற்கு என்று தெரியாதவள்போலக் கேட்பேன். பர்மாவில் யாங்கோனுக்கு, நம் பழைய ரங்கூனுக்கு, போக ஏவா என்னைத் தேர்ந்தெடுத்ததற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன். தமிழும் போலிஷும் சேர்ந்து தெரிந்தவர்கள் உலகத்தில் அதிகம் இல்லை என்பதும் ஒரு காரணமாக இருக்கலாம்.

இளமையில் உதவித்தொகை கிடைத்து, போலந்தில் கிராக்கோவ் நகரத்தில் நாடகம் படித்தேன். ஊருக்குத் திரும்பியதும் யாரும் நாடகத்துக்குக் கூப்பிடவில்லை. சென்னையில் உட்கார்ந்து போலிஷ் படங்களுக்குத் தமிழில் சப்டைட்டில் எழுதிப் பிழைக்கிறேன். அப்படி எழுதிய படங்களில் ஒன்றில் ஹலினா விர்ஸ்கா நடித்திருந்தார். அவருடைய ஒரே மகள்தான் ஏவா. வார்சாவில் இருக்கிறாள். ஒரு வசனத்தில் சந்தேகம் கேட்டு எழுதியதில் தொடங்கிய பழக்கம்.

ஹலினா, சுரங்கத்தில் நிலக்கரி வெட்டியவரின் மகள். நாடகப் பள்ளியில் முதல் வருடம் முகம் சரியில்லை என்று திருப்பி அனுப்பினார்களாம். மறுவருடமும் அதே முகத்தோடு போனார், எடுத்துக்கொண்டார்கள். அந்த முகத்தை வைத்துக்கொண்டு மேடையையும் சினிமாவையும் ஆண்டார். ஒரு படத்தில் ரயில்வே கேட் காவல்காரியாக வருவார். கேட்டை மூடிவிட்டு உட்கார்ந்து உருளைக்கிழங்கு தோலுரிப்பார், அவ்வளவுதான். ரயில் வந்து போகும்வரை அதைத்தான் காட்டுவார்கள். அதைப் பார்க்கவே ஜனம் திரும்பத் திரும்ப வந்தது. நம்மூரில் உருளைக்கிழங்கு உரித்தால் எவன் டிக்கெட் எடுப்பான்?

எண்பதுகளில் அங்கே ராணுவம் தெருவில் இறங்கியபோது, இனி டிவியில் நடிக்க மாட்டோம் என்று நடிகர்கள் சொல்லிவிட்டார்கள். ஹலினாவும் சொன்னார். அந்த வருடங்களில் தேவாலயங்களுக்குள் நாடகம் போட்டார், ஜனங்கள் கோட்டைக் கழற்றாமல் குளிரில் நின்று பார்த்தார்கள். வயதான பிறகு ஒரு மாலைக் காட்சியில் வசனம் மறந்துவிட்டது. பக்கத் திரைக்குப் பின்னாலிருந்து எடுத்துக் கொடுத்தார்கள், அப்போதும் வரவில்லை. ஜனங்கள் இரக்கப்பட்டுக் கைதட்டினார்கள். அந்தக் கைதட்டலை அவரால் மன்னிக்க முடியவில்லை. அதன்பின் மேடை ஏறவே இல்லை.

ஏவா முதியோர் இல்லம் என்று பேச்செடுத்தாள். பெரிய சண்டை. ஹலினா மாதா கோயில் தொண்டர்கள் சிலரோடு சேர்ந்து யாங்கோனுக்குப் போய், அங்கே ஒரு முதியோர் இல்லத்தில் வேலை செய்யத் தொடங்கினார். மகள் தள்ளப் பார்த்த இடத்துக்குத் தானே போய்ச் சேர்ந்தார், ஆனால் சம்பளமில்லாத ஆயாவாக. பிறகு கொரோனா வந்தது, பின்னாலேயே பர்மாவிலும் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. தொண்டர்கள் கிளம்பினார்கள். ஹலினா விமான நிலையத்துக்கு வரவில்லை. அதோடு தகவலே இல்லை.

வருடங்கள் போயின. போன வருடம் ஒருவன் வேறு யாரோ கிழவியின் படத்தை அனுப்பி ஏவாவை ஏமாற்றப் பார்த்தான். இப்போது அந்தோணி என்று ஒரு யாங்கோன் தமிழர், உங்கள் அம்மா எங்கள் வீட்டில் இருக்கிறார் என்று செய்தி அனுப்பியிருந்தார். கூடவே கலங்கிய படம் ஒன்று. வீடியோவில் காட்டச் சொன்னால், முடியாது, பயமாக இருக்கிறது என்றார். காணாமல் போனவர் இறந்துவிட்டதாக அறிவிக்கக் கோரி ஏவா ஏற்கெனவே நீதிமன்றத்துக்குப் போயிருந்தாள். வியாழக்கிழமை கடைசிக் கையெழுத்து.

"நானே போய், அது அவள் இல்லையென்றால் என்னால் தாங்க முடியாது. நீ போ. அவள்தான் என்றால் அடுத்த விமானத்தில் வருகிறேன். இல்லையென்றால் கையெழுத்துப் போட்டு அவளைக் காகிதத்தில் புதைத்துவிடுகிறேன்" என்றாள் ஏவா. ஆக, ஒரு மனுஷி உயிரோடு இருப்பதும் இல்லாததும் என் வாயில் வந்து நின்றது. எனக்கு அது பிடிக்கவே இல்லை.

திங்கட்கிழமை இறங்கினேன். யாங்கோன் டாக்சியில் ஸ்டீயரிங் நம்மூர் மாதிரி வலப்பக்கம். ஆனால் வண்டிகள் போவதும் சாலையின் வலப்பக்கம். முந்தும்போது எதிரே லாரி வருகிறதா என்பது இடப்பக்கம் உட்கார்ந்த எனக்குத்தான் முதலில் தெரிந்தது, ஓட்டுகிறவருக்குத் தெரியாது. நான் கத்துவதை வைத்தே அவர் பிரேக் போட்டார். ஒரு சோதனைச் சாவடி வந்ததும் வண்டியை மெதுவாக்கி, "ஃபோனில் அரசியல் படம் இருந்தால் அழித்துவிடுங்கள்" என்றார் உடைந்த ஆங்கிலத்தில். என் ஃபோனில் ஹலினாவின் படங்கள்தான் இருந்தன. ஒன்றில் அவர் ராணுவச் சட்டை போட்டுத் துப்பாக்கி பிடித்திருந்தார். நாடகத்தில்தான். யாரிடம் போய் விளக்குவது? அழித்துவிட்டேன்.

தங்கியது மிங்கலா தாங்ஞுன்ட் என்ற பேட்டையில், ரயில் பாதை பக்கம். விடுதிப் பையன் நான் யார், எதற்கு வந்தேன், யாரைப் பார்க்கப் போகிறேன் என்று மூன்று விதமாகக் கேட்டான். நானும் மூன்று விதமாகப் பொய் சொன்னேன். எதிரே ஒரு டீக்கடையில் தமிழ் காதில் விழுந்தது. கடைக்காரர் காதர் பாய். அவருடைய பாட்டனார் தொண்டியிலிருந்து கப்பலேறி வந்தவராம். அந்தோணியின் வீடு இருக்கும் பசுந்தாங் பேட்டைக்கு அவரிடம் வழி கேட்டேன்.

"பசுந்தாங்ல யாரம்மா இருக்கா ஒங்களுக்கு?" என்றார். அந்தோணி என்று ஆரம்பித்தேன். கையைக் காட்டி நிறுத்தினார். "தெருப் பேர மட்டும் சொல்லுங்க. ஆள் பேரு வேணாம். இப்பக் காலம் அப்புடி." பக்கத்து மேசையில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தவர் பக்கத்தைத் திருப்பாமலே இருந்ததை அப்போதுதான் கவனித்தேன். பாய் எனக்கு நூடுல்ஸ் பிசைந்து தந்தார். சென்னை பீச் ஸ்டேஷன் எதிரே அத்தோ என்று ஆரஞ்சு நிறத்தில் விற்கிறார்களே, அதன் சொந்த ஊர் இது. இங்கே நிறம் வெளுப்பு, புளிப்பு அதிகம், வாயில் வைத்தால் கடலைமாவு மணக்கிறது. நம்மூரில் நிறம் சேர்த்து நம்மை ஏமாற்றியிருக்கிறார்கள் என்று தோன்றியது. பாயிடம் கேட்டதற்கு, "ஒங்க ஊர்ல செய்யறது பத்தி எனக்கு என்னம்மா தெரியும்?" என்று நழுவிவிட்டார்.

செவ்வாய்க்கிழமை பசுந்தாங்குக்கு பஸ் பிடித்தேன். கூட்டத்தில் நின்றிருந்தபோது, கன்னத்தில் சந்தனம் மாதிரி தனாக்கா மரப்பட்டையை அரைத்துப் பூசிய ஒரு பெண் என் பையைப் பிடித்து இழுத்தாள். நான் இறுக்கிப் பிடித்தேன், அவளும் விடவில்லை. கடைசியில் பார்த்தால், நிற்கிறவள் பையை உட்கார்ந்திருப்பவள் மடியில் வாங்கி வைத்துக்கொள்கிற மரியாதை அது. சென்னை பஸ்ஸிலும் இதைத்தான் செய்கிறோம். பையையே பார்த்துக்கொண்டிருந்ததில் இறங்க வேண்டிய இடம் போய், பஸ் ஒரு பெரிய பாலத்தில் ஏறிவிட்டது. கீழே அகலமாக ஆறு. என்னைக் கடத்துகிறார்கள் என்றே முடிவு செய்தேன். தன்லியின் என்ற ஊரில் கொண்டுபோய் இறக்கிவிட்டார்கள். பையை வைத்திருந்த பெண்ணே கூட இறங்கி, என்னைத் திரும்பும் பஸ்ஸில் ஏற்றி, டிரைவரிடம் ஏதோ சொல்லிவிட்டுப் போனாள். நன்றி சொல்லும்போதும் ஒரு கையால் பையின் ஜிப்பைத் தடவிப் பார்த்துக்கொண்டேன்.

பசுந்தாங் தெருவில் ஒவ்வொரு மாடியிலிருந்தும் ஒரு கயிறு தரைவரை தொங்குகிறது, நுனியில் ஒரு கிளிப். கீழே நின்று இழுத்தால் மேலே மணி அடிக்கும். காய்கறிப் பை, சாவி எல்லாம் கயிற்றிலேயே ஏறி இறங்கும். அந்தோணியின் கயிற்றை இழுத்தேன். மூன்றாம் மாடி ஜன்னலில் ஒரு தலை தெரிந்து மறைந்தது. மேலே நாற்காலிகள் நகரும் சத்தம், அலமாரிக் கதவுகள் சாத்தும் சத்தம். வெகுநேரம் கழித்துத்தான் சாவி இறங்கியது. எதையோ ஒளிக்கிறார்கள் என்று மனதில் குறித்துக்கொண்டேன்.

அந்தோணிக்கு அறுபது வயது இருக்கும். தையல் மெஷின் ரிப்பேர் செய்கிறவர். அவர் மனைவி மேரி, முன்பு அந்த முதியோர் இல்லத்தில் சமையல் செய்தவள். உள்ளே போனதும் என் கண் தானாகத் தேடியது. வீட்டில் ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லை. காலண்டர் இல்லை, பேப்பர் இல்லை. கிறிஸ்தவ வீடு, பைபிள்கூடக் கண்ணில் படவில்லை. அலமாரிகளில் பூட்டு.

ஜன்னலோரம் நாற்காலியில் அவர் உட்கார்ந்திருந்தார். ஒல்லி. வெள்ளை முடியை ஒட்ட வெட்டியிருந்தார்கள். பர்மியப் பெண்களைப் போல இடுப்பில் லுங்கி, கன்னத்தில் தனாக்கா. ஏவா தந்திருந்த கடைசிப் படத்தில் ஹலினா பருமன், தலைமுடிக்குச் சிவப்புச் சாயம். நான் மேடையில் பார்த்தது மாணவியாக, மலிவு டிக்கெட்டில், உச்சி மாடத்திலிருந்து. அவர் தலையின் வகிட்டைத்தான் நன்றாகத் தெரியும் எனக்கு.

"அக்கம்பக்கத்துல எங்க அத்தைன்னுதான் சொல்லி வச்சிருக்கோம். ஹெலன் ஆன்ட்டி" என்றார் அந்தோணி. "வெள்ளக்காரங்க ஒருத்தவுங்க காகிதம் இல்லாம இருக்காங்கன்னு வெளிய தெரிஞ்சா, வார்டு ஆபீஸ்காரன் வந்துடுவான்."

"பாஸ்போர்ட் எங்கே?"

"ஆத்துல போட்டுட்டோம். தெருவெல்லாம் சோதன போட்டாங்கல்ல, அப்ப."

ஆற்றில் போட்டார்களாம். எவ்வளவு வசதி! நான் போலிஷில் பேசினேன். கிராக்கோவைப் பற்றி, ஏவாவைப் பற்றி, அவருடைய படங்களைப் பற்றி. என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"பேச்சு நின்னு ஒரு வருஷம் ஆச்சு அக்கா" என்றாள் மேரி. இதுவும் வசதிதான். படப்பிடிப்பில் விழுந்து இடது முழங்காலில் தழும்பு உண்டு என்று ஏவா சொல்லியிருந்தாள். பார்க்கலாமா என்று கேட்டு, லுங்கியைக் கொஞ்சம் தூக்கிப் பார்த்தேன். இரண்டு முழங்காலிலும் தழும்பு இருந்தது. எந்தக் கிழவியின் முழங்காலில் தழும்பு இல்லை?

மேரி ஒரு தட்டு கொண்டுவந்து வைத்தாள். மைதாவில் செய்த கொழுக்கட்டை, உள்ளே மசித்த உருளைக்கிழங்கு, மேலே வதக்கிய வெங்காயம். போலந்தில் நான் நாள் தவறாமல் தின்ற சாப்பாடு. "ஆன்ட்டி நல்லா இருக்கையில சொல்லித் தந்தது" என்றாள். எனக்குக் கோபம்தான் வந்தது. ஒருத்தியைப் போலந்துக்காரியாக்க இதைத்தான் முதலில் செய்வார்கள், ஃபோனைத் தட்டினால் செய்முறை வந்துவிடும். உப்பு சரியாக இருந்ததும் சந்தேகமாகவே இருந்தது. ஏழு தின்றேன்.

"எதற்காக மகளுக்குச் செய்தி அனுப்பினீர்கள்?" என்று கிளம்பும்போது கேட்டேன்.

மேரி என்னை ஒரு மாதிரி பார்த்தாள். "ஏன் அக்கா, பெத்த புள்ளைக்குச் சொல்லாம ஒரு தாய மண்ணுல போடலாமா? நாளைக்கு ஒண்ணு ஆச்சுன்னா நாங்க எந்தப் பேரச் சொல்லிப் பூசை வைக்கறது?"

நல்ல பதில். நடிக்கத் தெரிந்தவள் சொன்னாலும் இதே பதிலைத்தான் சொல்வாள். விடுதிக்குத் திரும்பி ஏவாவுக்கு, "அநேகமாக இல்லை. நாளை உறுதியாகச் சொல்கிறேன்" என்று எழுதினேன். அவள் "சரி" என்று மட்டும் பதில் போட்டாள்.

புதன்கிழமை கடைசி முயற்சியாக, ஹலினாவுக்கு மட்டுமே தெரியக்கூடிய கேள்விகளைப் போலிஷில் எழுதி எடுத்துப் போனேன். முதல் இயக்குநர் யார், எந்த நாடகத்தில் காலணி கழன்றது, இந்த மாதிரி. படித்தாவது தலையாட்ட மாட்டாரா என்று ஒரு நப்பாசை. பையிலிருந்து தாள்களை எடுத்ததும் மேரி துள்ளி எழுந்தாள்.

"பேப்பர் வேணாம் அக்கா! உள்ள வைங்க!"

"ஏன்?"

"வேணாம். சொன்னாக் கேளுங்க." அந்தோணியும் எழுந்து நின்றுவிட்டார். இருவர் முகமும் வெளுத்திருந்தது. இதோ, மாட்டிக்கொண்டார்கள் என்று நினைத்தேன். வேண்டுமென்றே தாள்களை ஸ்டூலின்மேல் பரப்பி வைத்தேன்.

அந்த நேரம் பார்த்துக் கரண்ட் வந்தது. காலையிலிருந்து இல்லாத கரண்ட். "மீ லாபீ!" என்று தெரு முழுக்கச் சிறுசும் பெரிசுமாகக் கத்தின, விளக்கு வந்துவிட்டது என்று அர்த்தம். தலைக்கு மேலே மின்விசிறி படபடவென்று சுற்றியது. என் தாள்கள் பறந்தன. ஒன்று அவருடைய நாற்காலிக்கு முன்னால் போய் விழுந்தது.

ஹெலன் ஆன்ட்டி எழுந்தார். அவரால் எழ முடியும் என்பதே எனக்குத் தெரியாது. இரண்டு எட்டு வைத்து, வலது காலைத் தூக்கி, தாளின் நடுவில் ஓங்கி மிதித்தார். குனிந்து எடுத்தார். தூசி தட்டி என்னிடம் நீட்டினார்.

மேரி வாயில் கை வைத்து அழ ஆரம்பித்தாள். "மன்னிச்சுக்குங்க அக்கா. ஒங்க எழுத்த மிதிச்சுட்டாங்க. மகளுக்கிட்டச் சொல்லிடாதீங்க. மனசுல ஒண்ணும் இல்ல அவுங்களுக்கு. பைபிளையும் இப்புடித்தான். தாளு எது கீழ விழுந்தாலும் மிதிச்சுட்டுத்தான் எடுப்பாங்க. கோயில்ல பாட்டுப் பொஸ்தகம் விழுந்து, மிதிச்சு, எல்லாரும் பாத்துட்டாங்க. அதோட கோயிலுக்குக் கூட்டிட்டுப் போறதில்ல. வூட்டுல எல்லாத்தையும் பூட்டி வச்சிட்டோம்."

"எப்போதிலிருந்து இப்படி?"

"வந்த நாள்லேருந்தே. புத்தி நல்லா இருக்கும்போதே" என்றார் அந்தோணி தலையைக் குனிந்துகொண்டு. "நல்ல மனுஷி. ஏன் இந்தப் பாவத்தச் செய்யறாங்கன்னு தெரியல. கேட்டா சிரிப்பாங்க."

பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன். கிராக்கோவில் முதல் ஒத்திகையன்று என் வசனப் பிரதி கைதவறி விழுந்தது. நான் சட்டென்று எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன். மொத்தக் குழுவும் ஐயோ என்று அலறியது. போலந்து நாடகக்காரர்களுக்குள் அது ஒரு நம்பிக்கை. பிரதி கீழே விழுந்தால் உடனே மிதிக்க வேண்டும், மிதித்த பிறகுதான் எடுக்க வேண்டும். இல்லையென்றால் நாடகம் விழுந்துவிடும். என்னால் எழுத்தைக் கடைசிவரை மிதிக்க முடியவில்லை. என் தாள் விழுந்தால் பக்கத்தில் இருப்பவர்கள் எனக்காக மிதித்துத் தருவார்கள்.

ஏமாற்றுகிறவர்கள் அத்தாட்சியைத் தட்டில் வைத்து நீட்டுவார்கள். இவர்கள் தங்களிடம் இருந்த ஒரே அத்தாட்சியை, மானத்துக்குப் பயந்து அலமாரியில் பூட்டி வைத்திருந்தார்கள். பசுந்தாங்கில் இரண்டு போலந்து நடிகைகள் இருக்க வாய்ப்பில்லை. நேற்று ஏவாவுக்கு நான் எழுதிய வரியை நினைத்து எனக்கு வெட்கமாக இருந்தது.

விஷயத்தைச் சொன்னேன். மேரி அழுகையை நிறுத்திவிட்டுக் கேட்டாள். "அப்ப அது பாவம் இல்லையா?"

"இல்லை. அவர்கள் தொழிலில் அது மரியாதை."

"நாங்க கோயிலுக்கே கூட்டிட்டுப் போகாம வச்சிருந்தோமே அக்கா" என்று மறுபடி அழுதாள். அந்தோணி போய் அலமாரிப் பூட்டுகளைத் திறந்தார்.

இங்கே மதியம் என்றால் வார்சாவில் காலை. வீடியோ எடுபடவில்லை. குரல் மட்டும் போகும் என்றார் அந்தோணி, அதற்கும் ஏதோ குறுக்குவழி போட்டுத் தந்தார். ஏவா எடுத்தாள். "ஏவா, உன் அம்மாதான்" என்றேன். எப்படித் தெரியும் என்று கேட்டாள். தாளை மிதித்ததைச் சொன்னேன். அழுகிறாளா, நம்பவில்லையா என்று தெரியவில்லை. "அவளிடம் கொடு" என்றாள்.

ஸ்பீக்கரைப் போட்டு ஃபோனை ஹலினாவின் மடியில் வைத்தேன். வெளியே கேட்டுவிடக் கூடாது என்று மேரி ஜன்னலைச் சாத்தினாள்.

"அம்மா" என்றாள் ஏவா. கிணற்றுக்குள்ளிருந்து வருகிற மாதிரி ஒரு முனகல். "நான்தான்."

ஹலினா ஃபோனைக் குனிந்து பார்த்தார். முதுகு நிமிர்ந்தது. தாடை உயர்ந்தது. ஒரு வருடமாகப் பேசாத வாய் திறந்தது. போலிஷ், ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக.

"சத்தமாகப் பேசு, பெண்ணே. கடைசி வரிசைக்குக் கேட்கவில்லை."

அந்தப் பக்கம் ஒரு விக்கல். பிறகு ஏவா கத்தினாள். தெருவே கேட்கும்படி கத்தினாள். "அம்மா! நான் ஏவா! நான் வருகிறேன்!"

மூடிய ஜன்னலைத் தாண்டி அது எங்கெல்லாம் போயிருக்கும் என்று அந்தோணியின் முகத்தில் தெரிந்தது. ஆனால் அவர் ஃபோனின் சத்தத்தைக் குறைக்கப் போகவில்லை.

ஹலினா தலையை ஆட்டினார்.

"இப்போது கேட்கிறது" என்றார்.